கீல் மேல் பழி போடாதீர்கள்: பார்ட்டிகிள் போர்டு, எம்.டி.எஃப். பலகையில் ஸ்க்ரூ போடும்போது நடக்கும் தவறுகள்

கப்போர்டு கதவு ஒரு பக்கம் தொங்க ஆரம்பித்தால் முதலில் திட்டு வாங்குவது கீல்தான். விலை கூடிய கீலாக வாங்கி வந்து அதே ஓட்டையில் மாட்டுவார்கள். கொஞ்ச நாளில் அதுவும் ஆடும். கோளாறு பலகைக்குள் இருக்கிறது: ஸ்க்ரூ கடித்துப் பிடிக்க அங்கே ஒன்றும் மிச்சமில்லை.

தேக்கில் நார் நீளமாக ஓடும். இறங்கும் மரையை அந்த நார் கவ்விக்கொள்ளும். கொஞ்சம் அவசரப்பட்டாலும் மரம் பொறுத்துக்கொள்ளும். பார்ட்டிகிள் போர்டு மரச்சில்லுகளைப் பசையோடு சூட்டில் அழுத்திச் செய்தது. மேல்புறமும் கீழ்ப்புறமும் பொடிச் சில்லு, இறுக்கமாக இருக்கும். நடுவில் பெரிய சில்லு, இடைவெளி அதிகம். எம்.டி.எஃப். மரநாரைப் பசையோடு அழுத்திச் செய்த பலகை. அதில் நுண்ணிய நார் முழுக்கப் பலகையின் முகத்தோடு இணையாகப் படுத்திருக்கும். தேக்கில் பழகிய கை இந்த இரண்டிலும் அதே மாதிரி வேலை செய்வதால்தான் பாதிச் சிக்கல்.

முதல் தவறு, முன்துளை போடாதது. “ஸ்க்ரூவே கூரா இருக்கு, மெஷினும் இருக்கு, எதுக்குத் தனியா ஓட்டை?” என்பார்கள். ஸ்க்ரூ தன் இடத்தைத் தானே உண்டாக்கினால் சுற்றியுள்ள சில்லு நொறுங்கும், எம்.டி.எஃப். என்றால் விளிம்பில் பிளக்கும். 4 மி.மீ. ஸ்க்ரூவுக்குப் பலகையின் முகத்தில் 2.5 மி.மீ., விளிம்பில் 3 மி.மீ. பிட் போதும். அளவு தெரியாவிட்டால் பிட்டை ஸ்க்ரூவுக்கு முன்னால் பிடித்துப் பாருங்கள்: நடுத்தண்டு மறைய வேண்டும், மரை இரண்டு பக்கமும் வெளியே தெரிய வேண்டும். துளை ஸ்க்ரூ இறங்கும் ஆழத்தைவிட ஓரிரு மி.மீ. கூடுதலாக இருக்கட்டும், தூள் ஒதுங்க இடம் வேண்டும்.

விளிம்புதான் உண்மையான ஆபத்து. 18 மி.மீ. எம்.டி.எஃப்.பின் விளிம்பில் ஸ்க்ரூ இறக்குவது, மூடிய புத்தகத்தின் தாள்களுக்கு நடுவே பென்சிலைத் திணிப்பது போன்றது. மூலைக்கு நெருக்கமாகப் போட்டால் நிச்சயம் விரியும். மூலையிலிருந்து 70 மி.மீ.யாவது தள்ளிப் போடுங்கள். பெட்டி இணைப்புக்கு 7×50 கன்ஃபர்மட் ஸ்க்ரூ நல்ல தேர்வு. நடுத்தண்டு தடிமன், மரை அகலம், முனை மொட்டை. விளிம்புக்குள் 5 மி.மீ. துளை, மேலே வரும் பலகையில் 7 மி.மீ. துளை. இரண்டையும் ஒரே இழுப்பில் போடும் படிபிட் கடையில் கிடைக்கிறது.

இந்த மேல்பலகைத் துளையைப் பலர் அலட்சியப்படுத்துகிறார்கள். எந்த ஸ்க்ரூவானாலும் முதல் பலகையில் தடையில்லாமல் நுழைய வேண்டும், இரண்டாவதில் மட்டும் கடிக்க வேண்டும். இரண்டிலும் மரை கடித்தால் நடுவில் விழுந்த இடைவெளி அப்படியே நிற்கும். அதை மூடுகிறேன் என்று இன்னும் முறுக்குவார்கள், உள்ளே மரை அரைந்துபோகும். எம்.டி.எஃப்.பில் இன்னொன்று: ஸ்க்ரூ இறங்கும் வாயில் பலகை லேசாகப் புடைக்கும். துளை வாயைக் கவுன்டர்சிங்க் பிட்டால் (கூம்பு முனை பிட்) கொஞ்சம் குடைந்துவிட்டால் புடைப்புக்கு இடம் கிடைக்கும், இரண்டு பலகையும் ஒட்டி உட்காரும்.

ஜிப்சம் வேலைக்கு வரும் கறுப்பு ஸ்க்ரூவை எல்லாவற்றுக்கும் போடுவது இன்னொரு பழக்கம். அது கடினம், ஆனால் நொறுங்கும் குணம். பக்கவாட்டில் பாரம் ஏறினால் தலை தெறிக்கும். சிங்க் அடியில் துருவும் பிடிக்கும். அடியிலிருந்து நுனிவரை ஒரே பருமனில், முழுக்க மரை ஓடும் சிப்போர்டு ஸ்க்ரூ கேட்டு வாங்குங்கள்.

டிரைவரில் கிளட்ச் (முறுக்கு விசையைக் கட்டுப்படுத்தும் எண் போட்ட வளையம்) எதற்கு இருக்கிறது? குறைந்த எண்ணில் ஆரம்பித்து, கடைசிச் சுற்றைக் கையால் முடியுங்கள். தலை உட்கார்ந்த பிறகு போடும் அரைச் சுற்றில்தான் மரை அறுந்துபோகிறது. கழற்றிய ஸ்க்ரூவைத் திரும்பப் போடும்போது முதலில் இடப்பக்கம் சுற்றுங்கள். ‘டக்’ என்று ஒரு சின்ன இறக்கம் தெரியும். அதிலிருந்து வலப்பக்கம் முறுக்கினால் பழைய மரையிலேயே ஏறும்.

அடிக்கடி பிரித்துச் சேர்க்கும் கட்டிலுக்கு போல்ட்டும் உள்ளே பதிக்கும் மரைப்புஷ்ஷும் நல்லது. அதற்கான துளை அளவு புஷ்ஷுக்குப் புஷ் மாறும், பாக்கெட்டில் உள்ளதையே பின்பற்றுங்கள். ஆனால் அதை 18 மி.மீ. விளிம்பில் பதிக்காதீர்கள்: 10 மி.மீ. துளை போட்டால் இருபுறமும் 4 மி.மீ.தான் மிஞ்சும். டி-நட் (பலகையில் அடித்துப் பதிக்கும் முள் வைத்த நட்) என்றால், போல்ட் நுழையும் பக்கத்துக்கு எதிர்ப்பக்கத்தில் அடிக்க வேண்டும். அப்போதுதான் முறுக்க முறுக்கப் பலகையோடு இறுகும். அதே பக்கத்தில் அடித்தால் போல்ட்டே அதைப் பிடுங்கி எடுத்துவிடும்.

ஏற்கெனவே தளர்ந்த ஓட்டையில் தீக்குச்சியும் பசையும் திணிப்பது தேக்கில் ஓரளவு நிற்கும். பார்ட்டிகிள் போர்டில் ஓட்டையின் சுவரே உதிரிச் சில்லு, குச்சி எதைப் பிடிக்கும்? 8 அல்லது 10 மி.மீ.க்குச் சுத்தமாகத் துளைத்து, அதே அளவு மர உருளைக் குச்சியை (டவல், dowel) பசையோடு இறக்கி, ஒரு நாள் காயவிட்டுப் பிறகு முன்துளை போடுங்கள். கீல் இருந்த இடம் குழியாகவே பெயர்ந்திருந்தால், கீலுக்கு அடியில் வைக்கும் எஃகு ரிப்பேர் பிளேட் ஒன்றை, நொறுங்காத பகுதி வரை நீட்டி அங்கே ஸ்க்ரூ போடுவதே மேல்.