உச்ச நேர அழைப்புச் சுமையைக் கணக்கிட்டு லைன்களையும் ஏஜென்ட்களையும் முடிவு செய்வது எப்படி?

ஒரு நாளில் மொத்தம் எத்தனை அழைப்புகள் வந்தன என்ற எண்ணை வைத்து அழைப்பு மையத்தின் தொலைபேசி அமைப்பைத் திட்டமிட முடியாது; அதாவது எத்தனை லைன்கள் (ஒரு நேரத்தில் ஓர் அழைப்பைத் தாங்கும் இணைப்புகள்), எத்தனை ஏஜென்ட்கள் (அழைப்பை எடுத்துப் பேசும் பணியாளர்கள்) வேண்டும் என்று முடிவு செய்ய முடியாது. நெரிசல் மிகுந்த அந்த ஒரு மணி நேரத்தைத் தாங்கும் அமைப்பு மற்ற நேரங்களையும் தாங்கிவிடும் என்பதால், கணக்கை அங்கிருந்துதான் தொடங்க வேண்டும்.

முதலில், அழைப்புப் பதிவுகளைப் பதினைந்து நிமிடப் பகுதிகளாகப் பிரித்து, அடுத்தடுத்த நான்கு பகுதிகளின் கூட்டுத்தொகை எங்கே அதிகமாக வருகிறது என்று பாருங்கள். ஒரே நாளை நம்பாமல், வழக்கமான பல வேலை நாள்களின் சராசரியை எடுப்பது நல்லது. பதில் கிடைக்காமல் துண்டிக்கப்பட்ட அழைப்புகளையும் சேர்த்தே எண்ண வேண்டும். எடுத்துப் பேசியவற்றை மட்டும் எண்ணினால், இப்போதுள்ள பற்றாக்குறையையே அடுத்த ஆண்டுக்கும் திட்டமாக எழுதிவைத்தது போலாகிவிடும்.

இரண்டாவது படி, சுமையைக் கண்டறிவது. இதற்கான அலகு எர்லாங். கோபன்ஹேகன் தொலைபேசி நிறுவனத்தில் பணியாற்றிய டென்மார்க் கணிதவியலர் ஏ.கே. எர்லாங்கின் பெயரால் அமைந்தது. ஒரு லைன் ஒரு மணி நேரம் முழுவதும் இடைவிடாமல் பயன்பாட்டில் இருந்தால் அது 1 எர்லாங். உச்ச மணியின் அழைப்பு எண்ணிக்கையை ஓர் அழைப்பின் சராசரி நேரத்தால் (விநாடிகளில்) பெருக்கி, 3600-ஆல் வகுத்தால் சுமை கிடைக்கும்.

உச்ச மணியில் 200 அழைப்புகள், சராசரிப் பேச்சு 150 விநாடி, பேசி முடித்தபின் விவரங்களைப் பதிவு செய்ய 30 விநாடி என்று கொள்வோம். ஏஜென்ட் ஓர் அழைப்புக்கு 180 விநாடி செலவிடுகிறார்; ஆகவே ஏஜென்ட்களின் சுமை 200 × 180 ÷ 3600 = 10 எர்லாங். லைனோ பேச்சு முடிந்ததும் விடுபட்டுவிடும். ஆனால் அழைப்பவர் காத்திருக்கும் நேரத்திலும் அது பிடிபட்டே இருக்கும். ஆகவே இரண்டுக்கும் ஒரே சுமையைப் போடக்கூடாது. காத்திருப்பு தெரிந்தால்தான் லைன் கணக்கு வரும் என்பதால், ஏஜென்ட் கணக்கை முதலில் முடிக்க வேண்டும்.

10 எர்லாங் சுமைக்குப் பத்து ஏஜென்ட்கள் போதும் என்று தோன்றும், போதாது. அழைப்புகள் சீராக வராமல் கொத்துக் கொத்தாக வருவதால், சுமையும் ஆள் எண்ணிக்கையும் சமமாக இருந்தால் வரிசை நீண்டுகொண்டே போகும். காத்திருப்பைக் கணிக்கும் எர்லாங் சி வாய்பாட்டில் இந்த எண்களை இட்டால், 11 பேர் இருக்கும்போது சராசரிக் காத்திருப்பு ஏறத்தாழ 123 விநாடி, 12 பேருக்கு 40 விநாடி, 14 பேருக்கு 8 விநாடி என்று வருகிறது. ஒரே ஓர் ஆளைக் கூட்டியதும் காத்திருப்பு மூன்றில் ஒரு பங்காகக் குறைவதைக் கவனியுங்கள். நூற்றுக்கு எண்பது அழைப்புகளை 20 விநாடிக்குள் எடுக்க வேண்டும் என்ற பரவலான இலக்கை 13 பேர் மயிரிழையில் தவறவிடுகிறார்கள் (79.6 சதவீதம்); 14 பேர் 88.8 சதவீதத்தை எட்டுகிறார்கள். ஆகவே 14 இருக்கைகள்.

இனி லைன்கள். பேச்சு 150, காத்திருப்பு 8, வரவேற்பு அறிவிப்பு 4 என 162 விநாடி; சுமை 200 × 162 ÷ 3600 = 9 எர்லாங். லைன் கிடைக்காமல் திரும்பும் அழைப்புகளின் விகிதத்தை எர்லாங் பி வாய்பாடு தரும். அதைக் கையாலேயே போடலாம். 1 என்ற எண்ணில் தொடங்கி, ஒவ்வொரு முறையும் முந்தைய விடையைச் சுமையால் பெருக்கி, அந்தப் பெருக்கற்பலனை, லைன் எண்ணும் அதே பெருக்கற்பலனும் சேர்ந்த தொகையால் வகுக்க வேண்டும். முதல் லைனுக்கு 9 ÷ (1 + 9) = 0.9, இரண்டாவதற்கு 8.1 ÷ (2 + 8.1) = 0.802. எக்செல்லில் ஒரு நெடுவரிசையில் இதை இழுத்துவிட்டால் பதினாறாவது வரியில் 0.011, பதினேழாவதில் 0.006 என்று வரும். நூற்றுக்கு ஒன்றுக்கு மேல் திரும்பக்கூடாது என்பது இலக்கானால் 17 லைன்கள் வேண்டும்.

சிக்கனம் கருதி 11 ஏஜென்ட்களோடு நிறுத்திக்கொண்டால் என்ன ஆகும்? காத்திருப்பு 123 விநாடியாவதால் லைன் சுமை 15.4 எர்லாங்காக உயர்ந்து, 17 லைன்கள் இருந்த இடத்தில் 25 தேவைப்படும். ஆளைக் குறைத்து மிச்சம் பிடிப்பதாக எண்ணும்போது லைன் செலவு ஏறுகிறது. அழைத்தவரின் பொறுமையும் வீணாகிறது.

எர்லாங் சி, யாரும் பாதியில் துண்டிக்கமாட்டார்கள் என்ற அனுமானத்தில் நிற்பதால், நெரிசல் கடுமையாகும்போது காத்திருப்பைக் கூட்டியே காட்டும். கடைசியாக, 14 என்பது உச்ச மணியில் இருக்கையில் அமர்ந்திருக்க வேண்டியவர்களின் எண்ணிக்கை மட்டுமே. விடுப்பு, பயிற்சி, இடைவேளை எல்லாம் சேர்ந்து 30 சதவீத நேரத்தை எடுத்துக்கொள்ளும் இடத்தில் 14 ÷ 0.7 = 20 பேரை அந்த ஷிஃப்ட்டுக்கு நியமிக்க வேண்டும்.