சித்திரை வெயிலில் திக்கிய ‘டோர்டோன்’

2023-இல் வெளிவந்த ‘டோர்டோன்’ என்னும் வீடியோ கேம், பிரான்சு நாட்டுக் கிராமப்புறத்தில் 1982-ஆம் ஆண்டின் கோடை விடுமுறையைப் பாட்டி வீட்டில் கழிக்கும் மிமி என்னும் சிறுமியின் கதை. நீர்வண்ணத்தில் தீட்டிய அந்த ஆற்றங்கரையில் சண்டையில்லை, அவசரமில்லை. சுற்றித் திரிந்து புகைப்படம் எடுப்பதும், டேப் ரெக்கார்டரில் ஒலிகளைப் பதிவதும்தான் வேலை. ஆகவே ஒலி விட்டுவிட்டுக் கேட்டால் ஆட்டத்தின் உயிரே போய்விடுகிறது.

ஆரியங்காவுக் கணவாயின் குளிர்காற்று இன்னும் இறங்காத சித்திரையில், செங்கோட்டையில் என் மடிக்கணினியில் அதுவே நடந்தது. டாஸ்க் மேனேஜரைத் திறந்து கவனித்தபோது, 3 கிகாஹெர்ட்ஸுக்கு மேல் ஓடிக்கொண்டிருந்த ப்ராசஸர், அடிப்பக்கம் கைவைக்க முடியாதபடி கொதித்ததும் பாதி வேகத்துக்கு இறங்குவது தெரிந்தது. சூட்டிலிருந்து தன்னைக் காத்துக்கொள்ள அது தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொள்கிறது. ஆட்டத்தின் மீது குறையில்லை.

மின்னிணைப்பைத் துண்டித்து அடிமூடியைக் கழற்றினால், விசிறிக்கும் வெப்பம் வெளியேறும் மெல்லிய தகடுகளுக்கும் இடையே தூசி கம்பளித் துணிபோல் படிந்திருந்தது. விசிறி சுழலாதபடி விரலால் பிடித்துக்கொண்டு, காய்ந்த பெயிண்ட் பிரஷ்ஷால் அதை மெல்ல வழித்தெடுத்தேன். பிறகு விண்டோஸின் பவர் ஆப்ஷன்ஸில் ப்ராசஸரின் உச்ச அளவை 100-இலிருந்து 99 விழுக்காடாக மாற்றினேன். அந்த ஒரு விழுக்காடு, ப்ராசஸர் தன் வழக்கமான வேகத்தைத் தாண்டி ஓடும் டர்போ வேகத்தை நிறுத்திவிடுவதால் சூடு வெகுவாகத் தணிகிறது, இத்தகைய நிதானமான ஆட்டத்துக்கு அந்த வேகம் தேவையுமில்லை. இப்போது உச்சிவேளையிலும் ஒலி அறுபடுவதில்லை. சாரல் தொடங்கும் ஆனியில் மீண்டும் 100-க்கு மாற்றிக்கொள்ளலாம்.