இஸ்திரி வண்டியின் ஒரு நாள்: போனில் ஆவணப்படம் எடுக்கும் முறை

எங்கள் தெருமுனைப் புங்கமரத்தடியில் நிற்கும் இஸ்திரி வண்டியை, காலை முதல் விளக்கு வைக்கும் நேரம் வரை போனில் எடுத்து ஒரு சிறு படமாக்கினேன். பேட்டியோ பின்னணிக் குரலோ கிடையாது. நீங்களும் இப்படி எடுக்கலாம். அனுமதி வாங்கிவிட்டீர்கள், போனை ஃபிளைட் மோடில் போட்டுவிட்டீர்கள் என்றே வைத்துக்கொள்கிறேன்.

1. போனோடு வரும் கேமரா வேண்டாம். என் தேர்வு பிளாக்மேஜிக் கேமரா ஆப். இலவசம். உங்கள் ஆண்ட்ராய்டில் அது ஓடாவிட்டால் ஓப்பன் கேமரா போதும்.

2. வொயிட் பேலன்ஸை (வெளிச்சத்தின் நிறத்துக்கு ஏற்பக் கேமரா செய்யும் நிறத் திருத்தம்) 5600 கெல்வினில் பூட்டுங்கள். பலரும் தடுக்கி விழும் இடம் இதுதான். ஆட்டோவில் விட்டால், எந்த வெளிச்சத்திலும் வெள்ளை வேட்டியை வெள்ளையாகவே காட்டப் போன் பாடுபடும். விடியலின் நீலமும் சாயங்காலத்து மஞ்சளும் பெருமளவு போய்விடும். பொழுதைப் பற்றிய படத்தில் பொழுதே தெரியாது! 5600 என்பது பகல் வெயிலுக்கான அளவு. அதை மாற்றாமல் வைத்தால், மேசையில் கிடக்கும் வேட்டியின் நிறமே மணி சொல்லும்.

எக்ஸ்போஷரும், அதாவது படத்தின் வெளிச்ச அளவும், அப்படித்தான். இஸ்திரி போடும் அண்ணன் வேட்டியை உதறி விரித்ததும் ஆட்டோ படம் முழுவதையும் இருட்டாக்கும். ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன் ஒளி உணர்திறனான ஐஎஸ்ஓவைச் சரிசெய்து பூட்டிவிடுங்கள்.

3. நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 (ஒவ்வொரு ஃபிரேமும் ஒளி வாங்கும் நேரம், நொடியில்). நம் ஊர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ் என்பதால் டியூப் லைட் நொடிக்கு 100 முறை மினுங்கும். 1/60 வைத்தால் படத்தில் பட்டைகள் ஓடலாம். பகலில் அந்தத் தொல்லை இல்லை, ஆனால் 1/50இல் படம் வெளுத்துவிடும். பெரும்பாலான போன்களில் லென்ஸின் ஒளித் துவாரமான அப்பர்ச்சரைக் குறைக்க முடியாது, எனவே ஒளியைக் குறைக்கும் கருங்கண்ணாடியான என்டி ஃபில்டர் ஒன்று வாங்குங்கள். ஆட்டத்தைக் குறைக்கும் ஜிம்பலுக்குச் செலவழிப்பதைவிட இது மேல்.

4. வேலை முடியும்வரை ஷாட்டை வெட்டாதீர்கள். ஒரு சட்டை என்றால் காலரிலிருந்து கடைசி மடிப்பு வரை. 16 மி.மீ. ஃபிலிம் காலத்தில் 400 அடிச் சுருள் 11 நிமிடம்தான் ஓடும். நமக்கு அந்த நெருக்கடி இல்லை. டிரைபாட் கால்களைச் சுற்றிச் சாக்பீஸால் குறித்துவையுங்கள். மதியமும் மாலையும் அதே ஃபிரேமுக்குத் திரும்பலாம், மரநிழல் நகர்ந்திருப்பது தெரியும்.

5. யாரும் பேசாத நேரத்தில் ஒரு நிமிடம் தெருச் சத்தத்தைத் தனியாகப் பதியுங்கள். எடிட்டிங்கில் ஒட்டுப்போட உதவும்.

பின்சேர்க்கை: நீளமான ஷாட்டில் ஒலி மெல்லப் பிந்துவதாகச் சிலர் கேட்டிருந்தார்கள். போன் ஃபிரேம் வேகத்தை ஏற்றி இறக்குவதுதான் பெரும்பாலும் காரணம். ஹேண்ட்பிரேக் என்ற வீடியோ மாற்றும் மென்பொருளில் கான்ஸ்டன்ட் ஃபிரேம்ரேட் (மாறாத ஃபிரேம் வேகம்), 25 என்று மாற்றியபின் எடிட்டிங்கில் போடுங்கள்.