நம் முகங்களுக்கு ஒளி வைப்போம்: தென்னாப்பிரிக்காவின் டர்பனில் ஒளிப்பதிவாளராகத் தொடங்க

சுயாதீனப் படங்களில் ஒளிப்பதிவு செய்ய ஆசைப்படும் தம்பி, தங்கைகளே, கேமரா வாங்கக் கடன்படாதீர்கள். இயக்குநர்கள் முதலில் கேட்பது இரண்டு நிமிட ஷோரீல், அதாவது நீங்கள் எடுத்த சிறந்த காட்சிகளின் தொகுப்பு. வாடகைக் கேமராவில் அதை எடுத்துவிடலாம். அதில் நம் முகங்கள் நன்றாகத் தெரிய வேண்டும்.

படி 1: நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் (ஒவ்வொரு ஃபிரேமிலும் ஒளி விழும் நேரம்) 1/50 நொடி வையுங்கள். அமெரிக்க வீடியோக்களில் சொல்லும் 1/60 வைத்தால் மண்டபத்து டியூப் லைட் படத்தில் துடிக்கும்.

படி 2: வீட்டில் தெற்கு பார்த்த ஜன்னலைக் கண்டுபிடியுங்கள். இங்கே நடுப்பகல் சூரியன் வடக்கே நிற்பதால் தெற்கு ஜன்னலில் நேர்வெயில் விழாது, மென்மையான ஒளி வரும். வடகோளத்தில் எழுதிய பாடங்களில் இது தலைகீழாக இருக்கும். ஆயாவை (பாட்டியை) ஜன்னலுக்குப் பக்கவாட்டில் உட்கார வையுங்கள். இருண்ட கன்னத்தின் பக்கம் ஒரு வெள்ளைத் தெர்மகோல் பலகையைப் பிடித்து மெல்ல நெருங்குங்கள். அந்தப் பக்கத்துக் கண்ணில் சின்னதாக ஒரு பொட்டு ஒளி விழும், அங்கேயே நிறுத்துங்கள். இன்னும் நெருங்கினால் சுருக்கங்கள் மறைந்து முகம் தட்டையாகிவிடும். மாநிறத்தை வெளுப்பாக்கிக் காட்டும் வேலை நமக்கு வேண்டாம். கறுப்பு கறுப்பாகவே பளபளக்கட்டும்.

இதைச் சலிக்காமல் செய்யுங்கள். மற்றதெல்லாம் இதற்குப் பிறகுதான்.

படி 3: தைப்பூசக் காவடி. உம்கேனி சாலைக் கோவிலில் எடுக்கலாம். நிர்வாகத்திடமும் காவடி எடுப்பவர் குடும்பத்திடமும் முன்பே கேளுங்கள். அருள் வந்திருப்பவர் முகத்துக்கு நேரே லென்ஸை நீட்டாதீர்கள்.

அப்போது இங்கே கடும் கோடை. ஐஎஸ்ஓ (கேமராவின் ஒளி உணர்திறன்) 800, ஷட்டர் 1/50, எஃப் (லென்ஸ் திறப்பு) 4 என்றால் உச்சி வெயிலில் எட்டு ஸ்டாப் வெளிச்சம் கூடுதல்; ஒரு ஸ்டாப் என்றால் ஒளி இரு மடங்கு. லென்ஸுக்கு முன் மாட்டும் கறுப்புக் கண்ணாடியான என்டி 256 ஃபில்டர் அதைச் சரியாகக் குறைக்கும். கேமரா தானாகவே வெளிச்சத்தை மாற்றும் ஆட்டோ எக்ஸ்போஷரை அணைத்துவிடுங்கள். வெள்ளை வேட்டி படம் முழுவதையும் நிறைத்தால் ஆட்டோ எக்ஸ்போஷர் முகத்தை இருட்டாக்கிவிடும். பந்தலின் விளிம்பில், நிழலுக்குள் ஓரடி தள்ளி வருபவர்களை எடுங்கள். திறந்த வானத்தின் ஒளி முகத்தில் பரவும்.

படி 4: ஷோரீலின் முதல் ஷாட்டாக உங்கள் சிறந்த முகத்தை வையுங்கள். டர்பன் சர்வதேசத் திரைப்பட விழா 1979 முதல் நடக்கிறது. இளம் இயக்குநர்களை அங்கே நேரில் பார்க்கலாம்.

படி 5: வேலை கிடைத்ததும் எழுதி வாங்குங்கள். உங்கள் நாள் சம்பளமும் கருவி வாடகையும் தனித்தனி வரியில் இருக்கட்டும். சேர்த்து எழுதினால் பேரத்தில் சம்பளம்தான் கரையும். இன்னொன்று: தென்னாப்பிரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் (1978), வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், பணம் கொடுத்துப் படம் எடுக்கச் சொன்னவருக்கே உரிமை. ஆகவே காட்சிகளை ஷோரீலில் பயன்படுத்தும் அனுமதியைக் கையெழுத்துக்கு முன்பே ஒப்பந்தத்தில் சேர்த்துவிடுங்கள்.