உலகச் சண்டையை வேலூரிலிருந்து படம் எடுப்பது எப்படி

காஸாவுக்கோ ஏமனுக்கோ போக விசாவும் இல்லை, கையில் காசும் இல்லை, ஆனால் அந்தப் போர்களைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடுத்தே தீருவது என்றிருக்கிறீர்களா? சரி, ஆம்பூருக்கு பஸ் ஏறுங்கள். கிண்டல் இல்லை. 2023 நவம்பரிலிருந்து செங்கடலில் ஏமனின் ஹூதி ஆயுதக் குழுவினர் கப்பல்களைத் தாக்கத் தொடங்கியதும், பெரிய கப்பல் கம்பெனிகள் சூயஸ் கால்வாயை விட்டுவிட்டு ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றிக்கொண்டு ஐரோப்பா போக ஆரம்பித்தன. 10 முதல் 14 நாள் கூடுதல், கண்டெய்னர் வாடகையும் எகிறியது. நம்ம ஊர் தோலும் ஷூவும் போகிற வழி அதுதானே. ஏற்றுமதி மேசையில் இருப்பவர் பக்கத்தில் ஒரு மணி நேரம் உட்காருங்கள், கேமராவை எடுக்காமல். போர் எப்படி விலைப் பட்டியலாக மாறுகிறது என்று அவரே சொல்லித் தருவார்.

அடுத்து வேலூர் காந்தி ரோடு. வங்காள எழுத்தில் போர்டு வைத்த லாட்ஜும் மெஸ்ஸும் வரிசையாக இருக்கிற தெரு, சி.எம்.சி. மருத்துவமனைக்கு வருகிற நோயாளிகளை நம்பியே ஓடுகிறது. 2024 ஆகஸ்ட் 5 அன்று வங்கதேசப் பிரதமராக இருந்த ஷேக் ஹசீனா டாக்காவை விட்டு வெளியேறிய பிறகு வங்கதேசத்தவருக்கு இந்திய விசா சுருங்கிப்போனது. அதை எப்படிக் காட்டுவது? ரிசப்ஷனுக்குப் பின்னால் சாவி மாட்டும் பலகை இருக்கும் பாருங்கள், எத்தனை சாவி தொங்குகிறதோ அத்தனை ரூம் காலி. அந்த ஷாட்டை 20 நொடி அசையாமல் பிடியுங்கள். பின்னணிக் குரல் வேண்டாம்.

தாடி வைத்த பெரியவர் யாரையாவது நிறுத்தி “ஈரானைப் பத்தி என்ன நினைக்கிறீங்க பாய்?” என்று மைக்கை நீட்டாதீர்கள். அவர் தோல் ஷாப்பில் கணக்கு எழுதுகிறவர், அவருக்குத் தெரிந்ததைக் கேளுங்கள். வாணியம்பாடியிலேயே ஒரு வீட்டில் உருது, இன்னொரு வீட்டில் தமிழ். இதில் “இஸ்லாமிய உலகம்” என்று மொத்தமாக ஒரு வார்த்தையைப் போட்டு, கீழே அரபு இசையை ஓடவிட்டால் படம் அங்கேயே படுத்துவிடும். ஈரானியர்கள் அரபுகள் கிடையாது. முஸ்லிம்கள் மிக அதிகமாக வாழ்வது மேற்காசியாவில் கூட இல்லை, இந்தோனேசியாவில். எல்லாமே சன்னி–ஷியா என்ற இரண்டு முஸ்லிம் பிரிவுகளின் சண்டை என்கிற ஆளிடம் ஈரான்–ஈராக் போரைக் காட்டுங்கள்: 1980 முதல் 1988 வரை மோதிக்கொண்ட இரண்டு நாட்டிலும் ஷியாக்களே பெரும்பான்மை.

எல்லோரும் வேலூர்க் கோட்டையை ட்ரோனில் காட்டித்தான் ஆரம்பிக்கிறார்கள். தொல்லியல் துறை அனுமதி வாங்காமல் அந்தப் பக்கம் போகாதீர்கள். கோட்டை வேறு ஒரு வேலைக்குத்தான் உதவும். 1806 ஜூலை 10 அன்று வெள்ளைக்காரர்களை எதிர்த்து அங்கே நடந்த சிப்பாய்க் கிளர்ச்சி எதனால் வந்தது? புதுத் தலைப்பாகை, தாடி, நெற்றிக்குறி பற்றிய உத்தரவு என்று ஒருவர் சொல்வார், கோட்டைக்குள் காவலில் இருந்த திப்புவின் பிள்ளைகள் என்று இன்னொருவர். இரண்டும் உண்மை. உங்கள் ஸ்கிரிப்டில் ஒரு போருக்கு ஒரே ஒரு காரணம் எழுதியிருந்தால் இதை நினைத்துக்கொண்டு திரும்ப எழுதுங்கள்.

பள்ளிவாசலில் எடுக்க முத்தவல்லியிடம், அதாவது அதன் நிர்வாகியிடம், முன்கூட்டியே பேசுங்கள், வெள்ளி மதியம் வேண்டாம். ஒரு நோன்பு மாதத்தில் நான் சாயங்காலம் 5 மணிக்கு ஒரு பெரியவரை உட்கார வைத்து, ஃபேனை நிறுத்தச் சொல்லி, லைட்டைப் போட்டு முக்கால் மணி நேரம் பேச வைத்தேன், நடுவில் நான் மட்டும் மடக் மடக்கென்று தண்ணீர் குடித்தேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. எடிட்டிங்கில் அவர் உதடு காய்ந்திருப்பதைப் பார்த்த பிறகுதான் உறைத்தது.

வாட்ஸ்அப்பில் வரும் போர் வீடியோவை அப்படியே ஒட்டாதீர்கள். ஒரு ஃப்ரேமை எடுத்துப் படத்தேடலில் போட்டுப் பாருங்கள், கடைப் பலகையை அரபு தெரிந்தவரிடம் படிக்கச் சொல்லுங்கள், மினாராவையும் தெருவளைவையும் செயற்கைக்கோள் வரைபடத்தோடு ஒப்பிடுங்கள். காஸா என்று எனக்கு வந்த ஒரு துண்டு, பழைய சிரியா வீடியோவாக இருந்தது.

கடைசியாக ஒன்று. பேட்டி கொடுப்பவரின் மகன் வளைகுடாவில் வேலை பார்க்கலாம். அப்பா இங்கே சொன்ன ஒரு வரியால் பையனின் வேலை அங்கே போகக்கூடும், அதனால் எடிட் முடிந்ததும் அவரைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டுங்கள், வேண்டாம் என்றால் எடுத்துவிடுங்கள். முகத்தை மறைத்தால் மட்டும் போதாது, குரலையும் மாற்றுங்கள், அப்புறம் அவர் பின்னால் சுவரில் மாட்டியிருக்கும் குடும்ப போட்டோவையும் கவனியுங்கள்.