ஸ்பானிய மொழியின் ‘தெனேர்’: தமிழர் சறுக்கும் இடங்கள்

ஸ்பானியம் கற்கத் தொடங்கியதும் எதிர்ப்படும் ஒழுங்கற்ற வினைகளில் ஒன்று ‘தெனேர்’. உடைமையைச் சொல்வது அதன் முதல் வேலை. வயது, பசி, பயம், கட்டாயம் ஆகியவற்றுக்கும் அதுவே வரும் என்பதால், அதைத் தவிர்த்து ஒரு பத்து நிமிடம்கூடப் பேச முடியாது.

நிகழ்காலத்தில் நான் என்றால் ‘தெங்கோ’, நீ என்றால் ‘தியெனெஸ்’, அவன், அவள், மரியாதைக்குரிய நீங்கள் என்றால் ‘தியெனே’, அவர்கள் என்றால் ‘தியெனென்’. நாங்கள் என்பதற்கோ ‘தெனேமோஸ்’. இதைப் பலர் ‘தியெனேமோஸ்’ என்று சொல்லிவிடுகிறார்கள். குரலின் அழுத்தம் முதல் அசையில் விழும்போதுதான் ‘தெ’ என்பது ‘தியெ’ ஆகிறது. ‘தெங்கோ’ மட்டும் விலக்கு. அர்ஜென்டினாவில் நீ என்பதற்கு ‘வோஸ் தெனெஸ்’ என்பதும் இதனால்தான்: அங்கே அழுத்தம் கடைசி அசைக்குப் போய்விடுகிறது.

தமிழர்களுக்கு உண்மையான சிக்கல் ‘இரு’ என்ற நம் வினையில் இருக்கிறது. ‘எனக்கு இரண்டு மகள்கள் இருக்கிறார்கள்’ என்னும்போது நம் வினை மகள்களோடு ஒட்டி நிற்கிறது. அதே பழக்கத்தில் ‘தியெனென் தோஸ் ஈஹாஸ்’ என்றால், வேறு யாருக்கோ இரண்டு மகள்கள் இருப்பதாகப் பொருளாகும். ஸ்பானியத்தில் வினை உடையவரோடுதான் ஒட்டும்: ‘தெங்கோ தோஸ் ஈஹாஸ்’. நம் ‘எனக்கு’ அங்கே ‘நான்’ ஆகிவிட வேண்டும்.

அதோடு, நம் ‘இரு’ மூன்று வேலை செய்கிறது. ‘என்னிடம் புத்தகம் இருக்கிறது’ என்பதற்கு ‘தெங்கோ’. ‘மேசைமேல் ஒரு புத்தகம் இருக்கிறது’ என்பதற்கு ‘ஆய்’. ‘சாப்பிட்டிருக்கிறேன்’ என்பதற்கு ‘ஏ கொமீதோ’. பின்னவை இரண்டும் ‘அபேர்’ என்ற வேறொரு வினையின் வடிவங்கள். ‘தெங்கோ கொமீதோ’ என்று சொல்ல ஆங்கிலமும் சேர்ந்து நம்மைத் தூண்டும், இணங்கக் கூடாது.

பசி, தாகம் என்று வரும்போது மட்டும் ஆங்கிலத்தை அடியோடு ஒதுக்கிவிட்டுத் தமிழிலிருந்தே போங்கள். எனக்குப் பசி, எனக்குத் தாகம், எனக்குப் பயம், எனக்கு அவசரம்: நாம் பெயர்ச்சொல்லாகச் சொல்வதை ஸ்பானியரும் பெயர்ச்சொல்லாகவே சொல்கிறார்கள். ‘தெங்கோ ஆம்ப்ரே’, ‘தெங்கோ செத்’, ‘தெங்கோ மியேதோ’, ‘தெங்கோ ப்ரிசா’. ஆங்கில வழியில் ‘எஸ்தோய் ஆம்ப்ரே’ என்பது பிழை. வெக்கையாக இருந்தால் ‘தெங்கோ கலோர்’ என்றே சொல்லுங்கள். ‘எஸ்தோய் கலியென்தே’ என்றால் காம வேட்கையைச் சொல்வதாகவே பெரும்பாலும் எடுத்துக்கொள்வார்கள். ‘மிகவும்’ சேர்க்கும்போதும் கவனம் தேவை. பெயரடையோடு வரும் ‘முய்’ இங்கே பொருந்தாது. ‘மூச்சா ஆம்ப்ரே’, ‘மூச்சோ ஃப்ரீயோ’ என்று பாலுக்கு ஏற்ப மாறும். ‘எல் ஆம்ப்ரே’ என்று ஆண்பால் சுட்டு வந்தாலும் பசி அங்கே பெண்பால்தான்.

வயதுக்கு ‘தெங்கோ வெயின்தே ஆஞோஸ்’. எழுதும்போது இந்த ‘ஞ’ ஒலிக்கான ‘ñ’ எழுத்தின் தலைமேல் இருக்கும் நெளிகோட்டை விட்டுவிட்டால் ‘ஆண்டுகள்’ என்பது ‘ஆசனவாய்கள்’ ஆகிவிடும். கைப்பேசியில் ஸ்பானிய விசைப்பலகையை முதல் நாளே சேர்த்துக்கொள்வது நல்லது.

கட்டாயத்தைச் சொல்ல இடையில் ‘கே’ வேண்டும்: ‘தெங்கோ கே இர்’, நான் போக வேண்டும். ‘தெங்கோ இர்’ என்பது வாக்கியமே ஆகாது.

இறந்தகாலத்தில் ‘தெனீ’, ‘தெனியோ’ என்ற வடிவங்கள் இல்லவே இல்லை. ‘தூவே’, ‘தூவிஸ்தே’, ‘தூவோ’ என்பவையே சரி. ‘கொமியோ’ போன்ற ஒழுங்கான வினைகளில் அழுத்தம் கடைசியில் விழும். ‘தூவோ’வில் முதல் அசையில் விழும், எழுத்தில் அழுத்தக்குறியும் வராது. எதிர்காலத்துக்கு ‘தெந்த்ரே’ என்பதே சரி. ‘தெனெரே’ என்பது பிழை. இவற்றை நன்றாக மனத்தில் பதித்துக்கொண்டால், ‘மந்தெனேர்’, ‘ஒப்தெனேர்’, ‘தெதெனேர்’ போன்ற வினைகளும் கைவசமாகும், ஏனென்றால் அவையும் ‘மந்தூவே’, ‘ஒப்தூவே’, ‘தெதூவே’ என்று அதே வழியில் போகின்றன.