சோளகர் வன உரிமை மனு: பெங்களூரிலிருந்து உதவப் போகிறவர்களுக்கு

கர்நாடகத்தின் பிலிகிரிரங்கன் மலையில் வாழும் சோளகர் பழங்குடியினருக்கு மனு எழுதும்போது, பழங்குடிப் பகுதி நிலத்தைப் பழங்குடியல்லாதோருக்குக் குத்தகைக்கு விடக் கூடாது என்ற சமதா தீர்ப்பையும் (1997), அப்பகுதிகளில் கிராம சபைக்கு அதிகாரம் தரும் பெசா சட்டத்தையும் (1996) முதல் பக்கத்தில் வைக்காதீர்கள். இரண்டும் அரசியலமைப்பின் ஐந்தாம் அட்டவணையின்கீழ் பழங்குடிப் பகுதி என்று அறிவிக்கப்பட்ட இடங்களுக்கானவை. கர்நாடகத்தில் அப்படி ஒரு பகுதிகூட அறிவிக்கப்படவில்லை, தமிழ்நாட்டிலும் இல்லை. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்துக்கு இந்த எல்லை கிடையாது. பிடித்துக்கொள்ள வேண்டியது அதைத்தான். தொட்ட சம்பிகே மரம் போன்ற வழிபாட்டிடம் தொடர்பான கோரிக்கை என்றால் ஒடிசாவின் நியாம்கிரி மலைச் சுரங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பு (2013) கைகொடுக்கும்; வழிபாட்டு உரிமையைக் கிராம சபையே பரிசீலிக்க வேண்டும் என்றது அது.

தனிநபர் நிலத்துக்குப் படிவம் ஏ, மேய்ச்சல், வனப்பொருள் சேகரிப்பு போன்ற சமூக உரிமைக்கு பி, ஊரே காத்து நிர்வகிக்கும் சமூகக் காட்டு வளத்துக்கு சி. தனிநபருக்கு உச்சவரம்பு 4 ஹெக்டேர், 13.12.2005க்கு முன்பிருந்தே அனுபவத்தில் இருக்க வேண்டும். பழங்குடியினரிடம் 75 ஆண்டு ஆதாரம் கேட்டால் அங்கேயே மறுத்துப் பேசுங்கள். அது மற்ற வனவாசிகளுக்கான நிபந்தனை.

குறைந்தது இரண்டு சான்றுகள் வேண்டும். காகிதம் இல்லாத குடும்பங்கள்தான் அதிகம் தயங்கும். ஆனால் கல்லறை, பழைய வரப்பு, குடிசை அடித்தளம் எல்லாமே வன உரிமை விதிகளின் 13ஆம் விதிப்படி சான்றுதான். ஊர்ப் பெரியவரின் வாக்குமூலமும் செல்லும், அவர் மனுதாரராக இருக்கக் கூடாது. அவர் சொல்லும் ஓடையின் பெயர், யாருடைய கல்லறை, எந்த மரம்வரை எல்லை என்பதை அவர் வாய்ச்சொல்லாகவே எழுதுங்கள். "பல தலைமுறையாக வாழ்கிறோம்" என்ற பொதுவான வரி மட்டும் இருந்தால் எதுவும் நிற்காது. செயற்கைக்கோள் படம் துணைச் சான்றே. அதை மட்டும் காட்டி நிராகரிக்க முடியாது.

கிராம சபையில் பாதிப் பேர் வர வேண்டும், அவர்களில் மூன்றில் ஒரு பங்கு பெண்கள். வருகைக் கையெழுத்து குறைந்தால் நல்ல மனுவும் தீர்மானத்தோடு சேர்ந்து விழும். மனு கொடுத்த கையோடு ஒப்புகை வாங்குங்கள்.

நிராகரித்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். மேல் குழுவுக்கு மனு செய்ய 60 நாள். கணக்கு முடிவெடுத்த தேதியிலிருந்து தொடங்குவதால் கடிதத்துக்காகக் காத்திருக்கக் கூடாது. கிராம சபைக்கு மேலே கோட்டக் குழு, அதற்கு மேலே மாவட்டக் குழு, மாவட்டக் குழுவின் முடிவே இறுதி. பிறகு பெங்களூரில் உள்ள கர்நாடக உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் ரிட் மனு. அங்கே போக, ஒப்புகை முதல் தீர்மானம் வரை எல்லாவற்றுக்கும் நகல் கையில் இருக்க வேண்டும்.